பக்கத்து லயத்துப் பெண்

முதலில் வாய்தான். கன்னத்தின் உட்பக்கத்தில் ஒரு புண், பிறகு நாக்கின் கீழே, பிறகு மேலண்ணத்தில். அம்பிட்டியவில் நான் அறை எடுத்துத் தங்கியிருந்த இடத்துக்குப் பக்கத்து டிஸ்பென்சரியில் விற்றமின் குறைவு என்று மாத்திரை தந்தார்கள். கண்டியில் ஒரு தமிழ்ப் பாடசாலையில் நாடகமும் அரங்கியலும் படிப்பிப்பவள் நான். வாயால் பிழைப்பவள். பாடம் நடத்தும்போது எச்சில் ஒழுகுவதைக் கண்டு பிள்ளைகள் சிரித்தார்கள். கைக்குட்டையால் துடைத்துக்கொண்டு நடத்தினேன். தவணை முடிவதற்குச் சற்று முன்பு, குளித்துவிட்டுத் துவாயால் மார்பைத் துடைத்தபோது, அங்கிருந்த கொப்புளத்தோடு அதைச் சுற்றியிருந்த நல்ல தோலும் சேர்ந்து துவாயில் வந்துவிட்டது. ஈரத் தாளில் ஒட்டிய வெங்காயச் சருகு மாதிரி.

கத்தவில்லை. அந்தக் காட்சியை நான் ஏற்கெனவே பல தடவை பார்த்திருந்தேன்.

பல்கலைக்கழகத்தில் நாங்கள் சிலர் சனிக்கிழமைகளில் கூடிப் படம் பார்ப்போம். உடம்பு உருமாறும் படங்கள் என்றால் எனக்கு வெறி. பேய் வந்து பயமுறுத்தும் படங்கள் அல்ல. ஆளின் உடம்பே ஆளுக்குப் பேயாகிற படங்கள். நகம் கழலும், பல் கொட்டும், முதுகில் வேறொன்று முளைக்கும். டொக்டர் வீட்டுப் பெண்களும் அதிபர் வீட்டுப் பெண்களும் கண்ணைப் பொத்திக்கொள்வார்கள். எங்கள் வீட்டில் பள்ளிக்கூடத்தை முழுசாக முடித்த முதல் ஆள் நான். கொழுந்து பறித்து அட்டை கடித்த கால்களைப் பார்த்து வளர்ந்தவள். நான் பொத்தமாட்டேன். படம் முடிந்ததும் எழுந்து நின்று விளக்கம் சொல்வேன். இது இரத்தத்தைப் பற்றிய படம் இல்லை, நோயைப் பற்றிய படம். நோயைக்கூட இல்லை, நோயாளியை வீடு என்ன செய்கிறது என்பதைப் பற்றிய படம். பூச்சியாக மாறுகிறவன் புற்றுநோய்க்காரனாக இருக்கலாம், தொழுநோய்க்காரனாக இருக்கலாம், ஊர் ஒதுக்கி வைத்த எவனாகவும் இருக்கலாம். கை தட்டுவார்கள்.

கடைசி வருட ஆய்வுக் கட்டுரையையும் அதைப் பற்றியே எழுதினேன். அதில் நான் அதிகம் பேசிய படத்தில், ரயில் நிலையத்தில் சீட்டுக் கொடுக்கும் ஒரு பெண்ணுக்குத் தோல் முழுசாகக் கழல்கிறது, சேலை கழல்கிற மாதிரி. புருஷன் அதை மடித்து அலுமாரியில் வைக்கிறான். முதலில் அன்பினால்தான் வைக்கிறான். ஒவ்வொரு முறையும் உள்ளிருந்து வரும் புதுத் தோல் முந்தியதைவிட மெல்லியதாக, சிவந்ததாக, பார்க்கச் சகிக்காததாக இருக்கிறது. கடைசியில் அவன் பழைய தோல்களை எடுத்துக் கட்டிலில் விரித்துக்கொண்டு அறையை உள்ளே பூட்டிக்கொள்கிறான். அவள் வெளியே நின்று தட்டுகிறாள். அத்தோடு படம் முடிகிறது. அந்த முடிவு மிகை என்று எழுதியிருந்தேன். பிரியமான மனிதர்கள் கதவைப் பூட்டமாட்டார்கள் என்பது என் வாதம். அதற்கு அதி விசேட சித்தி கிடைத்தது.

ஆடி மாத விடுமுறைக்கு ஹுன்னஸ்கிரியவுக்கு மேலே எங்கள் தேயிலைத் தோட்டத்துக்குப் போனேன். அதற்குள் முதுகிலும் தலையிலும் கொப்புளங்கள். அம்மா என் சட்டையை விலக்கிப் பார்த்தாள். தொட வந்த கையைப் பின்னால் இழுத்துக் கும்பிட்டாள்.

"இது என்ன நோவுன்னு தெரியலம்மா," என்றேன்.

"வாயில போட்டுக்கோ. நோவுன்னு சொல்லாத. ஆத்தா வந்திருக்கா."

அன்றே வாசலில் வேப்பிலை ஏறியது. எங்கள் லயத்தின் வரிசை வீடுகள் முழுவதிலும் எண்ணெய்ச் சட்டி அடுப்பிலிருந்து இறங்கியது. மாரியம்மன் ஒரு வீட்டுக்கு வந்திருந்தால் பக்கத்தில் தாளிக்கக் கூடாது, தலைசீவக் கூடாது, உரத்துப் பேசக் கூடாது. என்னை மஞ்சள் துணியில் கிடத்தினார்கள். ஆட்கள் வாசல்வரை வந்து, இளநீரை வைத்து, என்னை நோக்கிக் கும்பிட்டுப் போனார்கள். தோட்டத்துக் கணக்கப்பிள்ளைகூட வந்தார். நான் பட்டம் வாங்கிய சேதியைச் சொன்னபோது "அப்படியா" என்று தலையைத் திருப்பிக்கொண்ட மனிதர். இப்போது செருப்பைக் கழற்றிவிட்டுக் கை கூப்பினார்.

என் தங்கை நிரோஷாவுக்கு ஆவணியில் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. மாப்பிள்ளை வீடு மாத்தளை. அவரை வளர்த்த பெரியம்மாதான் அங்கே எல்லாம். நிரோஷா அவரை அத்தை என்பாள். நாங்களும் மாத்தளை அத்தை என்போம். அவர்கள் பெண் பார்க்க வந்தபோது நான் பாடசாலையில் இருந்தேன். சுவரில் மாட்டியிருந்த என் பட்டமளிப்புப் படத்தைத்தான் பார்த்தார்களாம். "சம்பந்தி வீட்டுல ஒரு படிச்ச புள்ள இருக்குன்னு சொல்லிக்கலாம்" என்றாராம் அத்தை.

"கல்யாணந்தான் என்னாகுமோ," என்று பயந்துகொண்டே சொன்னேன்.

"அதுக்கென்ன, ஆத்தா வந்திருக்கான்னு சொன்னா அவங்களே தேதிய தள்ளி வச்சிட்டுப் போறாங்க. கையெடுத்துக் கும்பிட்டுட்டு." அம்மா முகத்தில் ஒரு நிறைவு இருந்தது. அவள் மகளிடம் இரண்டாம் தடவையாக ஊரே கும்பிடும்படி ஒன்று வந்திருந்தது. முதல் தடவை வந்த படிப்பை யாரும் கும்பிடவில்லை.

அம்மை என்றால் ஒரு வாரத்தில் அடங்க வேண்டும். எனக்கு அடங்கவில்லை, பழையது காயுமுன் புதியது வந்தது. அதுவுமில்லாமல் சின்ன வயதிலேயே எனக்கு அம்மை போட்டு இறங்கியிருந்தது. இது அம்மாவுக்கும் தெரியும். பொறுத்துப் பார்த்துவிட்டு ஒரு காலையில் எழுந்து போய் வேப்பிலையைப் பிய்த்துப் போட்டேன். வேலைக்குப் போக நின்ற சனம் பார்த்துக்கொண்டிருந்தது.

"இது அம்மை இல்ல," என்று எல்லோருக்கும் கேட்கச் சொன்னேன். "கும்பிட வேணாம். நான் ஆஸ்பத்திரிக்குப் போறேன்."

"அப்ப என்னா அது?" என்று ஒரு கிழவர் கேட்டார்.

"தெரியல."

நான் சொன்னது சரி. இன்றும் அதையேதான் சொல்வேன். ஆனால் தெரியாத ஒன்றின் பக்கத்தில் யாரும் நிற்க விரும்புவதில்லை. அப்பா முச்சக்கர வண்டி பிடிக்கப் போய் வருவதற்குள் எங்கள் வாசலில் விளையாடிக்கொண்டிருந்த பிள்ளைகளை வீட்டுக்குள் அழைத்துவிட்டார்கள். குஷ்டம் என்று யாரோ சொன்னது என் காதில் விழுந்தது. முந்திய நாள்வரை கும்பிட்ட கைகள் இளநீர்க் கோம்பைகளைக் குச்சியால் தள்ளிக் குழிக்குள் போட்டன.

கண்டி ஆஸ்பத்திரியில் தோல் நோயாளிகள் தங்கும் விடுதி மாடியில் இருந்தது. பெரிய வைத்தியர் வந்தார், பின்னால் மாணவர் கூட்டம். என்னிடம் அனுமதி கேட்டுவிட்டு, கொப்புளமே இல்லாத ஒரு நல்ல இடத்தில் கட்டைவிரலை வைத்து அழுத்தித் தேய்த்தார். தோல் வழுக்கிக்கொண்டு போய்விட்டது. பழுத்த தக்காளியைச் சுடுநீரில் போட்டு எடுத்தால் தோல் நகருமே, அப்படி. "பார்த்தீர்களா?" என்று மாணவர்களிடம் ஆங்கிலத்தில் கேட்டார். முன்னால் நின்ற ஒரு பெண் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். நல்ல வெள்ளைக் கோட்டு, நல்ல கைக்கடிகாரம். அவளைப் போன்றவர்களோடு உட்கார்ந்துதான் நான் படம் பார்த்தேன்.

"கண்ணைத் திறந்து பாருங்க மிஸ்," என்றேன் ஆங்கிலத்தில். "பரீட்சையில வரும்."

அவள் முகம் சிவந்தது. எனக்கு அன்று முழுவதும் அது ஆறுதலாக இருந்தது.

தோலில் இரண்டு சிறு துண்டுகள் வெட்டி எடுத்தார்கள். ஒன்றை நுண்ணோக்கியில் பார்க்க. மற்றதை ஒரு சாயம் போட்டு விசேட ஒளியில் பார்க்க. நோய் இருந்தால் அது பச்சையாக மினுங்கும். யாழ்ப்பாணத்திலிருந்து வந்திருந்த இளம் வைத்தியர் ஒருவர், நான் கேட்டதற்காக அந்தப் படத்தைத் தன் போனில் காட்டினார். இருட்டில் விரித்த பச்சை மீன்வலை. என் உடம்பிலிருந்து வந்தவற்றில் அழகானது அது ஒன்றுதான்.

"பெம்பிகஸ் எண்டு சொல்லுறது," என்றார். "உங்கட உடம்பைக் காக்கிற சக்தியே உங்கட தோலை எதிரி எண்டு நினைக்குது. இப்ப ஒரு சுவர் இருக்கெண்டு வையுங்கோ. கல்லுக்கு ஒண்டும் இல்லை. கல்லுக்கு நடுவில இருக்கிற சீமெந்தை அரிக்குது. அதான் தோல் கழருது, வாய்க்குள்ளயும்."

"தொத்துமா?"

"இல்லை. கட்டிப்பிடிச்சாலும் தொத்தாது."

"இத எங்கம்மாகிட்ட சொல்லுங்க. நான் சொன்னா நம்பமாட்டாங்க."

அம்மா வந்த அன்று அவர் பொறுமையாகச் சொன்னார். சுவர், கல், சீமெந்து, எல்லாம். அம்மா எல்லாவற்றுக்கும் தலையாட்டினாள். பிறகு கேட்டாள்: "யாருகிட்ட இருந்தும் தொத்தலன்னா, அப்ப எங்க இருந்து வந்துச்சு?"

"அது... உடம்புக்குள்ள இருந்துதான் அம்மா."

"அப்ப ரத்தத்துல இருக்கா?"

நல்ல மனிதர், பொய் சொல்லத் தெரியவில்லை. "ஒருவகையில அப்பிடித்தான். ஆனா பரம்பரையா வாற வருத்தம் எண்டு சொல்லேலாது" என்றார். அம்மா முதல் பாதியோடு கேட்பதை நிறுத்திவிட்டாள். தொத்து நோய் என்றால் என்னை மட்டும் ஒதுக்கிவிடலாம். இரத்தத்தில் என்றால் நிரோஷாவுக்கும் அதே இரத்தம். நல்ல சேதி சொல்வதாக நினைத்து அவர் என் தங்கையின் தாலியில் கை வைத்துவிட்டார்.

அவர் போனதும் அம்மா குனிந்து மெதுவாகச் சொன்னாள்: "ஆத்தாவ நீதான தொரத்தி விட்ட. இப்ப என்னான்னு சொல்லிச் சமாளிக்கிறது?"

ஆத்தா வந்து இறங்கிவிட்டாள் என்று சொல்லிச் சமாளித்தாள். லயத்தில் யாரும் நம்பவில்லை. ஆனால் ஊரில் ஒரு கல்யாணம் நின்றுபோவதை விரும்பாத சனம் அது. மாத்தளைக்கு வாயைத் திறக்கவில்லை. அந்த மட்டில் அவர்களைக் குறை சொல்ல மாட்டேன்.

ஆஸ்பத்திரி நாட்களைப் பற்றிச் சொல்ல வேண்டும். சினிமா அதில் நிறையப் பொய் சொல்லியிருக்கிறது. படத்தில் உருமாறுகிறவனுக்குப் பலம் கூடும். சுவரில் ஏறுவான், இரும்பை வளைப்பான். எனக்குத் தண்ணீர்ப் போத்தலின் மூடியைத் திறக்க முடியவில்லை. படத்தில் அவனைக் கண்டு சனம் அலறிக்கொண்டு ஓடும். என்னைக் கண்டு யாரும் ஓடவில்லை. புன்னகைத்தார்கள், புன்னகைத்துக்கொண்டே கதிரையைக் கொஞ்சம் தள்ளிப் போட்டுக்கொண்டார்கள். படத்தில் நாற்றத்தைக் காட்ட முடியாது. மீன் சந்தை மூடியபின் அங்கே இருக்கும் வாடைதான் என் வாடை. அது என் மூக்கைவிட்டு ஒரு நொடிகூட நீங்கவில்லை. இரத்தம் எடுக்க வரிசை, எக்ஸ்ரே எடுக்க வரிசை. எந்த அரக்கனும் துண்டுச் சீட்டை வைத்துக்கொண்டு வாங்கில் உட்கார்ந்து காத்திருந்து நான் பார்த்ததில்லை.

படுக்கை விரிப்பு புண்ணில் ஒட்டிக்கொள்ளும். காலையில் அதைத் தண்ணீர் விட்டு ஊறவைத்து உரிப்பார்கள். வயதான ஒரு தாதி, எல்லா நோயாளிகளையும் "துவ" என்று மகள் முறை வைத்துக் கூப்பிடும் சிங்களத்தி, அப்பாவிடம் வாழையிலை கொண்டுவரச் சொன்னார். "குருத்து இலை. கழுவி. ஒட்டாது." அப்பா எங்கள் லயத்துப் பின்பக்கத்து வாழையிலிருந்து இலை வெட்டி, ஈரத்துணியில் சுற்றி, பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு வருவார். நரம்பைச் சீவியிருப்பார். தாதி இலையை விரித்து என்னைத் திருப்பிக் கிடத்துவார். முதல் தடவை முதுகு அதில் பட்டபோது குளிர்ந்த கையொன்று தாங்குகிற மாதிரி இருந்தது. அழுதேன்.

"பாருங்க, பந்தியில வச்சிருக்கிற மாதிரி இருக்கு," என்றார் பக்கத்துக் கட்டில் பரீதா ராத்தா. ராத்தா என்றால் அவர்கள் வழக்கில் அக்கா. அக்குறணைக்காரர். உடம்பு முழுக்கச் செதில் செதிலாக உதிரும் வேறொரு நோய் அவருக்கு. அடிக்கடி அங்கே வந்து கிடப்பவர். "இன்னும் சோறுதான் வரணும்."

"நீங்க உப்பு தூவிக்கிட்டே இருக்கீங்களே ராத்தா, அது போதும்," என்றேன். அவர் கட்டிலைச் சுற்றி எப்போதும் வெள்ளைத் தூள் கிடக்கும். அந்த விடுதியில் நாங்கள் அப்படித்தான் பேசிக்கொள்வோம். வெளியார் யாராவது கேட்டால் காதைப் பொத்துவார்கள். விடுதிக்குள் யாரும் யாருக்கும் கதிரையைத் தள்ளிப் போடவில்லை.

மருந்து ஸ்டீரொயிட். கூட, உடம்பின் எதிர்ப்புச் சக்தியை அடக்கும் மாத்திரை. தன்னையே கடிக்கும் நாயைக் கட்டிப்போடுகிற வேலை. கட்டிப்போட்டால் கள்ளன் வந்தாலும் குரைக்காது, அதனால் காய்ச்சலுக்கும் கிருமிக்கும் பயந்து இருக்க வேண்டும். முகம் ஊதியது. கன்னத்தில் பூனை மயிர் முளைத்தது. ஒன்றைக் கொல்ல இன்னொன்றாக மாறுவது. என் ஆய்வுக் கட்டுரையில் இதற்கு ஒரு பகுதி சேர்த்திருக்கலாம்.

நிரோஷா வரும்போதெல்லாம் ஜவ்வரிசிப் பாயாசம் கொண்டுவருவாள். ஏலக்காய் போட்டால் வாய் எரியும் என்று போடமாட்டாள். ஆறவைத்து, கரண்டியால் கொஞ்சம் கொஞ்சமாக ஊட்டுவாள். வீட்டாரில் என்னைத் தொடப் பயப்படாதவள் அவள் ஒருத்திதான். அம்மா என் கட்டிலில்கூட உட்காரவில்லை.

"நீ வராட்டி மேடையில ஏறமாட்டேன்க்கா," என்றாள். "சத்தியமா. ஒன்னய தூக்கிட்டாவது போவேன்."

"தூக்கினா தோலு ஒன் கையோட வந்துரும்டி."

"வரட்டும். தைச்சு விடுறேன்."

எனக்கு அந்த ஒரு ஆசைதான் இருந்தது. தங்கையின் கல்யாணத்தில் அக்காவாக நிற்க வேண்டும். அவள் பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டுக் கண்டியில் துணிக்கடையில் நின்ற வருடங்களில்தான் நான் பல்கலைக்கழகத்தில் படித்தேன். புண்கள் காயத் தொடங்கியதும் வைத்தியரிடம் கேட்டேன். கல்யாணத்துக்கு முந்திய வெள்ளிக்கிழமை வீட்டுக்கு விடலாம் என்றார்.

அந்த வெள்ளிக்கிழமை என்னை வீட்டுக்கு விடும் துண்டை யாரும் எழுதவில்லை. தாதியிடம் கேட்டேன்.

"அம்மா சொன்னாங்க, துவ. வீட்டில ஆள் இல்லையாம். திங்கக்கிழமை வந்து கூட்டிட்டுப் போறாங்களாம்." அவருக்கு ஒன்றும் தெரியாது. எனக்கு நல்லது செய்கிறோம் என்றுதான் நினைத்தார்.

அம்மாவுக்குப் போன் எடுத்தேன்.

"நீ கொழும்புல இருக்க," என்றாள் அம்மா எடுத்தவுடன்.

"என்னம்மா?"

"மாத்தளைக்காரங்களுக்கு அப்படித்தான் சொல்லிருக்கேன். டீச்சர்மாருக்குக் கொழும்புல ஒரு படிப்பு. பாதியில வந்தா சேட்டிபிக்கட் குடுக்கமாட்டாங்க. அவங்களுக்குப் பெருமதான். படிப்புன்னா படிப்புதான்னு சொன்னாங்க."

"நான் முகத்த மூடிக்கிட்டு வாறேன்."

"மூடினா என்னத்துக்கு மூடிருக்கன்னு கேப்பாங்க. மேனகா, நீ படிச்ச புள்ள. ஒனக்கு நான் சொல்லணுமா?"

பள்ளிக்கூடம் போகாதவர்கள் என் வீட்டில் எத்தனையோ பேர். அவர்களில் எவரையும் ஒளித்துவைக்க இவ்வளவு நல்ல காரணம் கிடைத்திருக்காது.

ஞாயிறு காலையில் சொந்தப் பொறுப்பில் போவதாகக் கையெழுத்து வைத்துவிட்டு வெளியேறினேன். பரீதா ராத்தா தன்னுடைய மெல்லிய பருத்திச் சால்வையை என் தலையில் சுற்றிவிட்டார். முகக்கவசமும் போட்டுக்கொண்டேன். நெற்றியும் கண்ணிமையும் மட்டும் தெரிந்தன. அதில் காய்ந்த பொருக்கு.

"போ புள்ள. ஒன்ட தங்கச்சிட கலியாணம்," என்றார். "போனா என்ன செய்வாங்க? வெட்டியா போட்டுருவாங்க?"

பஸ்ஸில் என் பக்கத்து இருக்கை தெல்தெனியவரை காலியாகவே வந்தது. நின்றுகொண்டு வந்தவர்கள் அதைப் பார்த்தார்கள், என்னைப் பார்த்தார்கள், கம்பியை இறுக்கிப் பிடித்துக்கொண்டார்கள். ஜன்னலுக்கு வெளியே விக்டோரியா நீர்த்தேக்கம் வெயிலில் கிடந்தது.

தெல்தெனியவில் கல்யாண மண்டப வாசலில் அப்பா நின்றார். வெள்ளை வேட்டி, புதுச் சட்டை, கையில் பன்னீர்ச் செம்பு. வருகிறவர்களுக்குச் சந்தனம் காட்டிப் பன்னீர் தெளித்துக்கொண்டிருந்தார். என் நடையைத் தூரத்திலேயே கண்டுகொண்டார். முகம் மலர்ந்தது. உடனே உள்ளே திரும்பிப் பார்த்தார். மறுபடி என்னைப் பார்த்தபோது அந்த முகம் இல்லை.

"அப்பா."

பின்னால் மாத்தளை ஆட்கள் வந்துகொண்டிருந்தார்கள். அப்பா செம்பைத் தூக்கி, மற்றவர்களுக்குத் தெளித்த மாதிரியே எனக்கும் தெளித்தார். கொஞ்சம் கூடுதலாகவே தெளித்துவிட்டார். புண்ணில் பன்னீர் பட்டால் எப்படி எரியும் என்று இலை கொண்டுவந்த அந்த மனிதருக்குத் தெரியும். "வாங்க," என்றார். கதவு திறந்துதான் இருந்தது.

உள்ளே அம்மா ஓடிவந்தாள். அவள் பின்னாலேயே பட்டுச்சேலையில் மாத்தளை அத்தையும் வந்தார்.

"யாரு இந்தப் புள்ள?"

அம்மா என் கண்களைப் பார்த்தாள். நான் கவசத்தை இறக்கி என் பெயரைச் சொல்லலாம். அதற்கு வேண்டிய நேரம் இருந்தது. அம்மா அந்த நேரத்தை எனக்குத் தந்தாள்; அதுதான் கொடுமை. பேசாமல் நின்று என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள். மேடையில் தாலி இன்னும் ஏறவில்லை.

நான் வாயைத் திறக்கவில்லை.

"பக்கத்து லயத்துப் பொண்ணு," என்றாள் அம்மா. "சொகமில்லாத புள்ள. சாப்பாட்டுக்கு வந்திருக்கு."

"ஐயோ பாவம். கல்யாண வீட்டுல யாரையும் வெரட்டக் கூடாது," என்றார் அத்தை. நல்ல மனசு அவருக்கு. "அந்தக் கடைசியில ஒக்கார வைங்க. புள்ளத்தாச்சிங்க இருக்குற பக்கம் வேணாம்."

தாலி ஏறுவதைத் தூணுக்குப் பின்னாலிருந்து பார்த்தேன். மேடையில் ஏறமாட்டேன் என்றவள் ஏறியிருந்தாள். அழகாக இருந்தாள். பந்தியில் கடைசி இடத்தில் எனக்கு முன் வாழையிலை விழுந்தது. அந்த வாசனைக்கு என் முதுகு தானாகக் கூசியது. எங்கள் வீட்டு வாழை இலைதான்; நரம்பைச் சீவியிருந்த விதத்தில் தெரிந்தது. சோறு வைத்தார்கள், சாம்பார் ஊற்றினார்கள், வடை வைத்தார்கள். ஒன்றையும் என் வாயால் தொட முடியாது.

பெண்ணும் மாப்பிள்ளையும் பந்தியைப் பார்த்துக் கும்பிட்டுக்கொண்டே வந்தார்கள். அத்தையும் கூட வந்தார். நிரோஷா என் இலைக்கு முன்னால் நின்றாள். அவள் கண்ணில் மை கரையத் தொடங்கியது. அவள் 'அக்கா' என்று சொல்லிவிடுவாள் என்று ஒரு கணம் நம்பினேன். சொல்லிவிடக் கூடாது என்றும் அதே கணம் பயந்தேன்.

"சாப்பிடுங்க," என்றாள். பிறகு பரிமாறுகிறவரைக் கூப்பிட்டு, "இவங்களுக்கு இதெல்லாம் எடுத்துருங்க. பாயாசம் மட்டும் வைங்க. ஆறினதா பாத்து," என்றாள்.

"ஒனக்கு எப்படித் தெரியும் அவளுக்கு என்ன வேணும்னு?" என்று கேட்டார் அத்தை.

"ஒதட்டப் பாத்தாலே தெரியுதே அத்தை."

கவசம் போட்டிருந்த என் உதட்டை யாரும் பார்த்திருக்க முடியாது. அத்தை கவனிக்கவில்லை. அவர்கள் அடுத்த இலைக்கு நகர்ந்தார்கள். பாயாசத்தில் ஏலக்காய் இருந்தது. எரிய எரியக் குடித்தேன்.

அன்று பின்னேரமே விடுதிக்குத் திரும்பினேன். தாதி கட்டிலைக் காட்டினார்.

"என்ன செஞ்சாங்க?" என்று கேட்டார் பரீதா ராத்தா.

"சோறு போட்டாங்க."

திங்கட்கிழமை அப்பா வந்து என்னைக் கூட்டிப்போனார். பஸ்ஸில் என் பக்கத்து இருக்கையில் உட்கார்ந்து, ஹுன்னஸ்கிரியவரை என் கையைப் பிடித்துக்கொண்டே வந்தார். விடச் சொன்னேன். விடவில்லை.

இப்போது நோய் அடங்கியிருக்கிறது. அடங்கியிருக்கிறது என்பதுதான் சொல். போய்விட்டது என்று வைத்தியர்கள் சொல்வதில்லை. மாதாமாதம் கிளினிக், இரத்தச் சோதனை. முதுகில் கறுப்புத் தழும்புகள். நீளக் கைச் சட்டை போட்டால் தெரியாது. பாடசாலைக்குத் திரும்பிவிட்டேன். வாய்ப்புண் வாரக்கணக்கில் ஆறவில்லை என்றால் மாத்திரையோடு காத்திருக்காமல் தோல் கிளினிக்குக்கும் போங்கள். இதைப் படிக்கிற யாருக்காவது அது உதவினால் நல்லது. அந்தப் படத்தைப் பற்றி நான் எழுதியதில் பாதி சரி. பிரியமானவர்கள் கதவைப் பூட்டுவதில்லை. வாங்க என்று சொல்லி, உட்காரவைத்து, இலை போடுகிறார்கள்.

தைப்பொங்கலுக்கு மாத்தளை அத்தை நிரோஷாவைக் கூட்டிக்கொண்டு எங்கள் வீட்டுக்கு வந்தார். நிரோஷா முழுகாமல் இருந்தாள். என்னைப் பார்த்ததும் அத்தை எழுந்து வந்து இரண்டு கன்னத்தையும் பிடித்துக்கொண்டார். மருந்தால் ஊதிய கன்னங்கள்.

"இதுதான் படிச்ச புள்ளயா! படத்துல ஒல்லியா இருந்த. கொழும்புத் தண்ணி நல்லா ஒத்துக்கிச்சு. தோலப் பாரேன், என்னா மினுமினுப்பு." என்னைப் பக்கத்தில் இருத்திக்கொண்டார். "சேட்டிபிக்கட் கெடச்சிச்சா?"

"கெடச்சிச்சு அத்தை."

அம்மா தேத்தண்ணி ஆற்றிக்கொண்டிருந்தாள். அத்தைக்கு ஏதோ ஞாபகம் வந்தது.

"ஆமா, கல்யாணத்தன்னைக்கி ஒரு புள்ள வந்திச்சே. பக்கத்து லயம்னு சொன்னீங்களே. நெத்தியெல்லாம் புண்ணா. அது எப்படி இருக்கு?"

அம்மாவின் கை நின்றது. அப்பா எழுந்து வெளியே போனார். அத்தை என் முகத்தைப் பார்த்தார். படித்தவள், சொல்வாள் என்று.

"அவ செத்துட்டா அத்தை," என்றேன்.

"அடக் கடவுளே." நெஞ்சில் கை வைத்துக்கொண்டார். "சரி. அப்படிக் கெடந்து அழுகுறதுக்கு அது நல்லதுதான். பெத்தவங்களுக்கும் விடுதல."

நிரோஷா அழத் தொடங்கியிருந்தாள். சத்தமில்லாமல்.

"இந்த நேரத்துல அழக்கூடாதும்மா," என்றார் அத்தை, அவள் வயிற்றைத் தடவி. "ஏன், ரொம்பப் பழக்கமா ஒனக்கு?"

"இல்ல அத்தை," என்றாள் நிரோஷா. "ஒரு தடவ பாயாசம் வைக்கச் சொன்னேன். அவ்வளவுதான்."

"அது போதும். புண்ணியம்," என்றார் அத்தை, என் கன்னத்தை மறுபடி தடவிக்கொண்டே.